தாய்மாமா தலையில் அடித்த காக்கை

அன்புள்ள தம்பிக்கு,

அம்மா எழுதுகிறேன். இந்தக் காலத்தில் கடிதமா என்று சிரிக்காதே. தபாலாபீஸ் கவுண்டரில் உட்கார்ந்து ஊர்க் கடிதங்களுக்கெல்லாம் முத்திரை குத்தியே ரிட்டையரானவள், பெற்ற பிள்ளைக்கு ஒன்று எழுதக் கூடாதா? போனில் பேசலாம் என்றால் நீ எங்கே பேச விடுகிறாய்? "மீட்டிங்ல இருக்கேம்மா, அப்புறம் கூப்புடுறேன்" என்பாய். அந்த அப்புறம் வருவதற்குள் எனக்குச் சொல்ல வந்ததே மறந்துவிடும். போன திங்கட்கிழமை பேசினாயே, அதில் நீ சொன்னது மொத்தம் இவ்வளவுதான்: "மாமா அவ்ளோ தூரம் சொல்லிட்டுப் போயிருக்காருல்ல, மரத்த வெட்டிடுங்கம்மா. ஒரு மரந்தானே. அது போனா கார் நிறுத்தவும் எடம் கெடைக்கும்." சொல்லிவிட்டு வைத்துவிட்டாய். என் வாயில் வந்த பதில் வாயிலேயே நின்றுபோனது. எனக்குப் பதில் வராமல் போய் நீ எப்போதாவது பார்த்திருக்கிறாயா? ஒரு வாரமாக அது உள்ளேயே கிடந்து குடைகிறது. அதனால் எழுதுகிறேன். நித்யாவும் படிக்கட்டும். ஊரே படித்தாலும் சரி, எனக்கு ஒன்றும் வெட்கமில்லை.

நித்யா வீட்டார் மாப்பிள்ளை வீடு பார்க்கிறோம் என்று சிதம்பரத்திலிருந்து வேன் பிடித்து வந்த அன்றைக்கு நீ சென்னையில் இருந்தாய். நடந்ததை ஆளுக்கொரு விதமாக உன்னிடம் சொல்லியிருப்பார்கள். நான் கண்ணால் பார்த்ததைச் சொல்கிறேன், கேள். வந்ததும் வராததுமாக அவள் தாய்மாமா, தெற்கு வீதியில் பாத்திரக்கடை வைத்திருக்கிறாரே அவர், கண்டிப்பாகச் சொல்லிவிட்டார்: "வீடு வாசல் பாத்து மனசுக்குப் புடிச்சாத்தான் கை நனைப்போம் சம்மந்தியம்மா. அது எங்க வழக்கம்." நல்ல வழக்கம்தானே, நமக்கும் அதுதானே. கேசரி கிண்டி, பஜ்ஜிக்கு வாழைக்காய் சீவி வைத்துக்கொண்டு நானும் காத்திருந்தேன். மாடி பார்த்தார்கள், கிணறு பார்த்தார்கள், அப்பா கோர்ட்டில் டைப் அடித்த கதையை முழுதாகக் கேட்டார்கள். எல்லாருக்கும் பிடித்துத்தான் இருந்தது. மாமா தலையை ஆட்டிவிட்டால் இலை போட்டுவிடலாம். அந்த நேரம் பார்த்து அவருக்குக் கடையிலிருந்து போன்.

நம் வீட்டில் எந்த மூலையில் சிக்னல் கிடைக்கும் என்று உனக்குத் தெரியும். மனுஷர் "அலோ, அலோ, கேக்குதா" என்று கத்திக்கொண்டே நகர்ந்து நகர்ந்து பூவரச மரத்தடிக்குப் போய்விட்டார். மேலே காக்கைக் கூட்டில் குஞ்சு பொரித்திருந்தது. நாங்களே இரண்டு நாளாக அந்தப் பக்கம் துடைப்பத்தைத் தலைக்கு மேல் பிடித்துக்கொண்டுதான் போய்வந்தோம். "அண்ணே, அங்க நிக்காதீங்கண்ணே" என்று நான் வாயைத் திறப்பதற்குள் விர்ரென்று வந்து அவருடைய வழுக்கைத் தலையில் ஒன்று வைத்தது பார், ஒரு அடி! "ஐயய்யோ" என்று குனிந்தார். குனிந்தவர் பிடரியில் ஜோடிக் காக்கை இன்னொன்று வைத்தது. போன் கீழே விழுந்து மூடி ஒரு பக்கம், பேட்டரி ஒரு பக்கம். அத்தோடு போயிருந்தால்கூடப் பரவாயில்லை. நித்யாவின் சித்தி முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்துவிட்டாள். அவளைப் பார்த்து வேன் டிரைவர் சிரித்துவிட்டான். மாமா முகம் செக்கச் சிவந்துவிட்டது. "காக்கா தலையில அடிச்சா இன்னா அர்த்தம்னு தெரியுமா உங்களுக்கு? சனி புடிக்குதுன்னு அர்த்தம். மொத மொதல்ல காலெடுத்து வச்ச வீட்ல இப்புடி ஆயிடுச்சு. மொதல்ல அந்த மரத்த எடுங்க. கை நனைக்கிறதெல்லாம் அப்புறம் பேசிக்கலாம்" என்று சொல்லிவிட்டு வேனில் ஏறிவிட்டார். தாய்மாமா ஏறிவிட்ட பிறகு மற்றவர்கள் நின்று என்ன செய்வார்கள்? நித்யாவின் அம்மா மட்டும் என் கையைப் பிடித்துக்கொண்டு, "அவரு கொஞ்சம் கோவக்காரரு அண்ணி, மனசுல வச்சிக்காதீங்க" என்றாள். வேன் திரும்பியதும் அப்பா கேசரிப் பாத்திரத்தைப் பார்த்தார். "அத்தினியும் இப்போ யாரு சாப்புடுறது?" என்றார். சர்க்கரைக்காரருக்குக் கவலையைப் பார்த்தாயா.

அன்று ராத்திரி இருவருக்கும் பெரிய சண்டை. "புள்ள கல்யாணம் பெருசா, காக்கா பெருசா?" என்று அப்பா கேட்டார். நியாயமான கேள்விதான். நித்யாவை உனக்கு எவ்வளவு பிடித்திருக்கிறது என்று எனக்குத் தெரியாதா? அவள் பெயரைச் சொல்லும்போது உன் குரல் மாறுகிறதே, அதை வைத்தே நான் கண்டுபிடித்தேன். தாய்மாமா மனம் கோணிக்கொண்டு ஒரு கல்யாணம் நடக்குமா? மாலை எடுத்துக் கொடுக்க அவர் வர வேண்டாமா? மரத்தை வெட்டினால் கூடு போகும், வெட்டாவிட்டால் உன் கல்யாணம் போகும். இரண்டு பக்கமும் குஞ்சுதான், நான் எந்தப் பக்கம் நிற்பது? கோபத்தில் அப்பாவிடம் கண்டபடி பேசிவிட்டுச் சமையலறையில் போய் அழுதேன். இதை அவரிடம் சொல்லாதே, அப்புறம் அதையே சொல்லிச் சொல்லிக் காட்டுவார்.

உடனே எனக்குக் காக்கை மேல் திடீர்ப் பாசம் என்று நினைத்துவிடாதே. எனக்கும் அதுகளுக்கும் இருந்த பகை உனக்கு மறந்திருக்காது. சித்திரை வந்தால் மொட்டை மாடியில் வேட்டி விரித்துக் கூழ்வடகம் பிழிந்து போடுவேன். முதல் வரிசை பிழிந்து முடிப்பதற்குள் கைப்பிடிச் சுவரில் வந்து வரிசையாக உட்கார்ந்துவிடும். கறுப்புக் குடையை விரித்து வைத்துப் பார்த்தேன், கறுப்புத் துணியைக் கட்டித் தொங்கவிட்டுப் பார்த்தேன். லீவு நாளில் உன் கையில் ஒரு குச்சியைக் கொடுத்துக் காவல் உட்காரவைத்தால், நீ அதுகளோடு சேர்ந்து வடகம் தின்றுகொண்டிருப்பாய். அப்போது நான் அதுகளைத் திட்டாத திட்டில்லை. ஆனால் அமாவாசை வந்துவிட்டால் மட்டும் தலைக்குக் குளித்து, அதே சுவரில் வாழை இலை போட்டு, அதே காக்கையை "வாங்க, வாங்க" என்று கூப்பிடுவேன். மாதத்தில் ஒரு நாள் மாமனார், மற்ற நாளெல்லாம் திருடன். இப்படி ஒரு மரியாதையை வேறு எந்த உயிராவது தாங்குமா, நீயே சொல்.

இப்போது போன தை அமாவாசைக்கு வருகிறேன். நீயும் இருந்தாய், ஆனால் எனக்கு ஞாபகமிருப்பதுபோல உனக்கு இருக்கிறதா என்று தெரியவில்லை. தானே என்று பெயர் வைத்தார்களே, அந்தப் புயல் வந்துபோய் மாதம்கூட ஆகவில்லை. கரண்ட் அப்போதுதான் வந்திருந்தது. நம் தெருவில் ஒரு மரம் மிச்சமில்லை. எதிர்வீட்டு வேப்பமரம், மூலைவீட்டு மாமரம், சர்ச் பக்கம் இருந்த தூங்குமூஞ்சி மரங்கள், தென்னை, முருங்கை எல்லாம் படுத்துவிட்டன. காலையில் கதவைத் திறந்தால் தெரு முழுக்க வெயில். இவ்வளவு வெளிச்சமான தெருவிலா நாம் இருக்கிறோம் என்று திகைப்பாக இருந்தது. நம் பூவரசு மட்டும் வேரில் பாதி பிடுங்கிக்கொண்டு காம்பவுண்டுச் சுவர்மேல் சாய்ந்து கிடந்தது. அப்பா அதை வெட்ட ஆள் சொல்லிவைத்திருந்தார். ஊர் முழுக்க வெட்டுவதற்கு மரம் கிடந்ததால் ஆள் வரவில்லை. அது பிழைத்தது அப்படித்தான். நம்முடைய நல்ல மனசால் பிழைத்தது என்று யாரும் பெருமை பேச முடியாது.

அன்று அப்பா தேவனாம்பட்டினம் கடற்கரைக்குப் போய்த் தர்ப்பணம் கொடுத்துவிட்டு வந்தார். நான் வடை, பாயசம், வாழைக்காய்ப் பொரியல், அவரைக்காய்க் கூட்டு என்று தாத்தாவுக்குப் பிடித்ததெல்லாம் செய்து படைத்தேன். மாடிச் சுவரில் இலை போட்டாயிற்று. "கா... கா..." என்று கூப்பிட்டோம். ஒன்றும் வரவில்லை. பக்கத்து மாடியிலும் "கா... கா...". எதிர் மாடியிலும் "கா... கா...". தெருவே மாடியில் நின்று கத்துகிறது, வானத்தில் ஒரு கறுப்புப் புள்ளிகூட இல்லை. எதிர்வீட்டு விஜயா, "அக்கா, உங்க வீட்டுக்கு வந்துச்சா?" என்றாள். "எங்கடி, உங்க வீட்டுக்கு வந்தா இங்க கொஞ்சம் அனுப்பி வை" என்றேன். முதலில் வேடிக்கையாகத்தான் இருந்தது. வெயில் ஏறியது. அப்பா காலையிலிருந்து பச்சைத் தண்ணீர் குடிக்கவில்லை. சர்க்கரைக்காரர், வேளைக்குச் சாப்பிடாவிட்டால் என்னாகும் என்று நமக்குத் தெரியும். உதடு வெளுத்துக் கை நடுங்க ஆரம்பித்துவிட்டது. "பசு மாட்டுக்கு வச்சிட்டுச் சாப்புடுங்க, தப்பில்ல" என்று கெஞ்சினேன். "எங்கப்பா சாப்புடாம நான் சாப்புட மாட்டேன். நீ வேணா போய்ச் சாப்புடு" என்றார். 

அப்போதுதான் நீ அந்த வார்த்தையைச் சொன்னாய். தண்ணீர் டேங்க் நிழலில் உட்கார்ந்திருந்தவன், எழுந்து வந்து நாலு பக்கமும் பார்த்துவிட்டு, "தாத்தா வந்தாலும் எங்க உக்காருவாருப்பா? உக்கார ஒரு கெளைகூட இல்லியே" என்றாய். நீ கிண்டலாகச் சொன்னாயோ என்னவோ, அப்பா கத்துவதை நிறுத்திவிட்டார்.  எல்லாரும் தெருவை ஒருமுறை திரும்பிப் பார்த்தார்கள். புயலில் விழுந்தது ஒரு பக்கம், விழாமல் நின்றதையும் இதுதான் சமயமென்று வெட்டித் தள்ளியது இன்னொரு பக்கம். பாயசம், வடையோடு கூப்பிடத் தெரிந்த நமக்கு, வருகிறவர் உட்கார இடம் வைக்கத் தெரியவில்லை. கொஞ்ச நேரத்தில் கடற்கரைப் பக்கமிருந்து ஒரே ஒரு காக்கை வந்தது. சுற்றியது, சுற்றியது, இறங்க இடம் தெரியாமல் சுற்றியது. கடைசியில் நம் சாய்ந்த பூவரசின் கிளையில் வந்து உட்கார்ந்து, இலையைப் பார்த்து, தலையைச் சாய்த்து யோசித்து, பிறகு சுவருக்கு வந்து வடையைக் கவ்வியது. அப்பா கண்ணைத் துடைத்துக்கொண்டார். நீயும்தான் துடைத்தாய், தூசி என்றாய்.

மறுநாளே நீ கிளம்பிப் போய் ஜேசிபி கூட்டி வந்தாய். அந்த டிரைவர் வண்டியிலிருந்து இறங்காமலே கேட்டான்: "இன்னா சார், ஊர்ல எல்லாரும் வெட்டித் தள்ளக் கூப்புடுறாங்க, நீங்க நிமித்தக் கூப்புடுறீங்க?" "நிமித்துங்கண்ணே, எங்க தாத்தா வந்து உக்காருவாரு" என்று நீ சொன்னதும் அவன் சிரித்த சிரிப்பு! ஆனாலும் பழைய சாக்கைச் சுற்றிப் பட்டை உரியாமல் கயிறு கட்டி, பிரசவத்துக்குப் பெண்ணைத் தூக்குகிற மாதிரி பதமாகத்தான் தூக்கினான். கிளையெல்லாம் கழித்து, வேரில் எரு போட்டு, மூன்று பக்கம் முட்டுக் கொடுத்து நிறுத்தினாய். சென்னைக்குப் போன பிறகும் தினம் போன் செய்து, "மரம் துளுத்துச்சாம்மா?" என்று கேட்டாய். என் உடம்பைக்கூட நீ அப்படி விசாரித்ததில்லை, அது வேறு விஷயம். மாசியில் துளிர் வந்தது. சித்திரையில் நிழல் வந்தது. வைகாசியில் இந்த ஜோடி வந்து கூடு கட்டியது. சுள்ளிக்குப் பஞ்சம், அதனால் புயலில் அறுந்து கிடந்த ஒயர், கட்டுக்கம்பி என்று அள்ளிவந்து கட்டியிருக்கிறது. நீ தூக்கிப் போட்டாயே அறுந்த இயர்போன், அதுவும் அந்தக் கூட்டிலிருந்து வெள்ளையாகத் தொங்குகிறது. அந்த வீட்டில் உன் சாமானும் இருக்கிறது தம்பி. அதைத்தான் "ஒரு மரந்தானே" என்றாய்.

நேற்று சனிக்கிழமை. அப்பாவிடம் மார்க்கெட்டுக்கு என்று சொல்லிவிட்டு நேராக பஸ் ஸ்டாண்டு போய்ச் சிதம்பரம் வண்டியில் ஏறிவிட்டேன். காலில் விழுந்தாவது கேட்டுவிடுவது, இரண்டு வாரம் பொறுக்கச் சொல்வது, குஞ்சு பறந்ததும் வேண்டுமானால் பார்க்கலாம் என்று சொல்வது. வழியெல்லாம் இதையேதான் சொல்லிப் பார்த்துக்கொண்டு போனேன். கடை சாத்தியிருந்தது. கடைக்கு மேலேதான் வீடு. அவர் மனைவி கதவைத் திறந்தவள் என்னைப் பார்த்ததும் வெலவெலத்துப் போனாள். "அவுங்க மாடில இருக்காங்க. காலையிலேர்ந்து கடையத் தொறக்கல, காப்பி குடிக்கல. நீங்களே வந்து பாருங்க இந்தக் கூத்த" என்றாள். மாடிப்படி பாதி ஏறும்போதே எனக்குக் கேட்டுவிட்டது. "கா... கா... கா...". தொண்டை கட்டிப்போன குரல்.

அவர் முதுகைக் காட்டிக்கொண்டு நின்றார். சுவரில் இலை, இலையில் எள்ளுச் சாதம், காய்ந்து விறைத்துப் போயிருந்தது. ஜோசியர் சொன்னாராம், காக்கை அடித்த தோஷம் போக வேண்டுமானால் சனிக்கிழமை விரதமிருந்து காக்கைக்கு எள்ளுச் சாதம் வைத்து, அது சாப்பிட்ட பிறகுதான் வாய் நனைக்க வேண்டுமென்று. அந்தத் தெருவில் காக்கை எங்கே இருக்கிறது? கடைக்குப் பின்னால் பெரிய வேப்பமரம் ஒன்று இருந்ததாம். புயலில் ஒரு பக்கம் சாய்ந்ததும் இவரே அதை எடுத்துவிட்டுக் குடோன் கட்டிவிட்டாராம். மனைவிதான் சொன்னாள், அவர் காதில் விழும்படியே சொன்னாள். திரும்பியவர் என்னைப் பார்த்துத் திடுக்கிட்டார். வழுக்கையில் இன்னும் சின்னதாக ஒரு கீறல். உள்ளே கோபத்தை வைத்துக்கொண்டு கெஞ்ச வந்தவளுக்கு அவர் முகத்தைப் பார்த்ததும் மனசு இளகிவிட்டது. அப்பா நின்ற அதே நிற்பு, வெளுத்த உதடு.

"அண்ணே, எங்க வீட்டுக்கு வாங்க. அங்க காக்கா இருக்கு. உங்களுக்குத் தெரிஞ்ச காக்காதான்" என்றேன். ஒரு நிமிஷம் முறைத்தார். அவர் மனைவிக்கு முதலில் சிரிப்பு வந்தது, பிறகு எனக்கு, கடைசியில் அவருக்கே வந்துவிட்டது. சிரித்து முடித்துச் சுவரில் சாய்ந்துகொண்டு, "வலிக்கல்லாம் இல்ல சம்மந்தியம்மா. நாலு பேரு எதுருல அடி வாங்கிட்டேனா, அதான். டிரைவர் பையன்கூடச் சிரிக்கிறான்" என்றார். நான் சொன்னேன்: "அது உங்கள யாருன்னு தெரிஞ்சா அடிச்சுது? கீழ ஒரு ஆளு கத்திக்கிட்டு நிக்கிறான், மேல புள்ளைங்க இருக்கு. நித்யா தொட்டில்ல கெடந்தப்போ முன்னபின்ன தெரியாத ஆளு தொட்டில் பக்கத்துல வந்து நின்னு கத்தியிருந்தா, தாய்மாமன் நீங்க சும்மா இருந்திருப்பீங்களா? மாசா மாசம் பூசத்துக்கு வடலூரு போறீங்க, உயிர்க்கொலை கூடாதுன்னு கவிச்சிய விட்டுட்டீங்க. அந்தக் குஞ்சு மட்டும் உயிர் இல்லியா?" அவர் குடோன் கூரையையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு மனைவியிடம், "அந்த எள்ளுச் சாதத்த டிபன் கேரியர்ல போடு" என்றார்.

மூன்று பேருமாக பஸ்ஸில் வந்தோம். வாசலில் எங்களைப் பார்த்த அப்பா என் காலிப் பையையும் அவர்களையும் மாறி மாறிப் பார்த்தார். நான் மார்க்கெட்டில் சம்மந்தி வாங்கி வந்துவிட்டேன் என்று நினைத்திருப்பார். மாமா முன்னெச்சரிக்கையாக அப்பாவின் ஸ்கூட்டர் ஹெல்மெட்டை வாங்கி மாட்டிக்கொண்டுதான் மாடிக்கு ஏறினார். வேட்டி, வெள்ளைச் சட்டை, தலையில் ஹெல்மெட், கையில் டிபன் கேரியர். நீ பார்த்திருக்க வேண்டும்! இலை போட்டுச் சாதத்தை வைத்துவிட்டு நாலடி தள்ளி நின்று, அடங்கின குரலில் ஒரே ஒரு தரம்தான் கூப்பிட்டார். தாய்க்காக்கை கிளையிலிருந்து இறங்கிவந்தது. ஒரு வாய் எடுத்தது, தான் விழுங்கவில்லை, நேரே கூட்டுக்குக் கொண்டுபோனது. சிவந்த வாய்கள் மேலே எழும்பிக் கத்தின. "சாப்புடுதுங்க... புள்ளைங்களுக்குக் குடுக்குது பாரு" என்று மாமா மனைவியின் தோளைத் தட்டித் தட்டிக் காட்டினார். ஹெல்மெட்டைக் கழற்றிக் கக்கத்தில் வைத்துக்கொண்டு கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டே நின்றார். கீழே இறங்கி வந்து கூடத்தில் சம்மணம் போட்டு உட்கார்ந்தார். "சம்மந்தியம்மா, பசிக்குது. எல போடுங்க" என்றார். எனக்குக் கண் கலங்கிவிட்டது தம்பி. காலையில் வைத்த கத்திரிக்காய்க் குழம்பும் அப்பளமும்தான், வேறு ஒன்றும் இல்லை. இரண்டாம் தரம் சோறு வாங்கிச் சாப்பிட்டார். கை கழுவிவிட்டு, "ஆவணில நாள் பாத்துடலாம். பந்தல்காரன்கிட்டச் சொல்லிடுங்க, அந்த மரத்துப் பக்கம் கம்பு நடக் கூடாது" என்றார். ஆக, உன் கல்யாணம் நிச்சயமாகிவிட்டது. இனி நிம்மதியாக மீட்டிங்கில் இரு.

இங்கேயே கடிதத்தை முடித்திருக்கலாம். ஆனால் விடியற்காலையில் காப்பியை வைத்துக்கொண்டு மாடியில் உட்கார்ந்திருந்தபோது மனசு உறுத்தியது. தாத்தா உட்கார வேண்டும் என்று நாம் மரத்தை நிமிர்த்தினோம். பரிகாரம் பலிக்க வேண்டும் என்று மாமா அதை விட்டுவைத்தார். எல்லாம் நமக்காக. அந்த மரத்தில் ஓர் ஓணானும் இருக்கிறது. அது யாருக்கும் தாத்தா இல்லை, அதற்கு எந்த அமாவாசையும் கிடையாது, அதைக் கும்பிட்டால் எந்தத் தோஷமும் தீராது. அதற்காக யார் சிதம்பரத்துக்கு பஸ் ஏறுவார்கள்? நமக்கு உதவினால்தான் இருக்கலாம் என்று சொல்ல நாம் யார்? மனை வாங்கியபோது நாலு எல்லையும் பேசித்தான் வாங்கினோம், அந்த எல்லைக்குள் ஏற்கெனவே குடியிருந்தவர்களை யாரும் ஒரு வார்த்தை கேட்கவில்லை. காக்கை தப்பே செய்யாத ஜீவன் என்று நான் சொல்லவரவில்லை, என் வடகத்தைக் கேட்டால் தெரியும். ஆனால் அதனிடம் ரம்பம் இல்லை, நம்மிடம் இருக்கிறது. ரம்பம் வைத்திருப்பவன்தானே யோசிக்க வேண்டும்?

கார் வாங்கு, வேண்டாம் என்று சொல்லவில்லை. மரத்தடியில் இடம் இருக்கிறவரை நிறுத்து, எச்சம் போட்டால் துடைத்துக்கொள். உன் அப்பா சைக்கிளை எத்தனை வருஷம் துடைத்திருப்பார். உனக்குப் பிள்ளை பிறந்தால் மாடியில் வடகம் காவலுக்கு உட்காரவை, ஆனால் குச்சி கொடுக்காதே. இன்று காலை நித்யா எனக்குப் போன் செய்தாள். ஆவணியில் கல்யாணம் என்று ஆனதைப் பற்றிப் பேசுவாள் என்று பார்த்தால், "அத்தை, குஞ்சு பறந்துடுச்சா?" என்றுதான் முதலில் கேட்டாள். மகராசி, நன்றாக இருக்கட்டும். உன்னைவிட அவளை நம்பலாம்போலிருக்கிறது.

நான் எவ்வளவு கத்தினாலும் வீடு நாளைக்கு உங்கள் கையில்தான். வெட்டாதே என்று சொல்ல அன்றைக்கு நான் இருக்க மாட்டேன். இப்போதே மாடிப்படி ஏறினால் முட்டி இரண்டும் பேசுகிறது. ஒரு தை அமாவாசைக்கு நீயும் தலைக்குக் குளித்து, பசியோடு மாடியில் இலை போட்டு நிற்பாய். என்னைக் கூப்பிடுவாய். இவ்வளவு நியாயம் பேசிவிட்டுக் கடைசியில் இவளும் தன் தேவைக்கே வந்துவிட்டாளே என்று சிரிக்காதே. நீ கூப்பிட்டு நான் வராமல் இருப்பேனா? உன்னைப் பசியோடு நிற்கவைக்க எனக்கு மனசு வருமா? எங்கே இருந்தாலும் அடித்துப் பிடித்துக்கொண்டு வந்துவிடுவேன். அப்பாவிடம் அன்றைக்கு ஒரு கேள்வி கேட்டாயே, அதை மட்டும் மறந்துவிடாதே. நான் வந்தால் எங்கேடா உட்காருவேன்?

உன் அம்மா